கிளிக், மைக், கட்டை: வன்னிக் காட்டுக்குள்ள தூரத்தை எப்படிக் கணக்குப் பிடிக்கிறது?

முறிகண்டிப் பொடியன் | யூன் 6

வெளிநாட்டுப் படைக்காரர் எழுதினதுகளை வாசிக்கேக்க ‘ரெண்டு கிளிக் வடக்கே’, ‘முந்நூறு மைக்’ எண்டெல்லாம் வருது. கிளிக் எண்டால் ஒரு கிலோமீற்றர் எண்டு ஒருத்தர் சொல்லுறார். துவக்குக் குறிகாட்டியைத் திருப்பேக்க விழுற சத்தம் எண்டு இன்னொருத்தர். எது சரி? அதோட 100 மீற்றர் நடக்க 65 எட்டு வைக்கவேணும் எண்டு ஒரு கணக்கு எல்லா இடமும் கிடக்கு. வன்னிக் காட்டில அது சரிவராது எண்டு நினைக்கிறன். தெரிஞ்ச ஆக்கள் சொல்லுங்கோ.

பாலையடி | யூன் 6

கிளிக் இரண்டும் சரி. நடை, வாகனப் பேச்சில் கிளிக் என்றால் ஒரு கிலோமீற்றர். குறிகாட்டியில் கிளிக் என்றது கோணம், தூரம் இல்லை. பத்திலொரு மில் (1000 மீற்றரில் 1 மீற்றர் பிடிக்கிற கோணம் ஒரு மில்) குறிகாட்டி என்றால் ஒரு கிளிக்குக்கு 100 மீற்றரில் 1 சென்ரிமீற்றர் நகரும். பேச்சில் இந்த இரண்டும் ஒன்றோடொன்று குழம்புவது குறைவு.

ஆளைக் கவிழ்க்கிறது மைக். மீற்றருக்கும் மைக், நிமிடத்துக்கும் மைக். ‘முப்பது மைக்’ என்று வானொலியில் கேட்டால் வந்துசேர அரை மணித்தியாலமா, இருக்கிற தூரமா என்று தெரியாது. அலகை முழுதாகச் சொல்லுகிறதுதான் ஒழுங்கு.

65 கணக்குக்கு வருவம். அது ஒரு காலை மட்டும் எண்ணுகிற கணக்கு. இடது கால் நிலத்தில் படும்போது ஒன்று, திரும்ப இடது கால் படும்போது இரண்டு. அதாவது 65 எண்ணினால் 130 அடி வைத்திருப்பீர்கள். இரண்டு காலையும் எண்ணி 65இல் நின்றால் 50 மீற்றர்தான் வந்திருக்கும். வாசித்துவிட்டு முதல் தரம் காட்டுக்குள் போகிறவர்கள் சறுக்குகிற இடம் இது.

அந்த இலக்கம் தட்டையான தார் றோட்டில், நடுத்தர உயரமான ஆணுக்குப் பொருந்தும். பாலையும் வீரையும் நிற்கிற வளர்ந்த காட்டில் அடிப்பகுதி வெளிப்பாக இருக்கும், அங்கே 70, 75 ஆகும். சூரை, ஈச்சை, காரை மண்டின பற்றைக்குள் 85 தாண்டி 100 வரை போகும். முறையை அவர்களிடம் எடுங்கோ. இலக்கத்தை இங்கே, உங்கட காலால் அளவுங்கோ.

பாலையடி | யூன் 7

எப்படி அளக்கிறது என்று தனியாகக் கேட்டிருந்தார்கள், இங்கேயே எழுதுகிறேன்.

50 மீற்றர் நாடா ஒன்றும் இரண்டு பேரும் வேணும். றோட்டில் 100 மீற்றர், வளர்ந்த காட்டில் 100, பற்றையில் 100 என்று மூன்று கோடு பிடியுங்கோ. ஒவ்வொன்றையும் போயும் வந்தும் நாலு தரம் நடந்து, சராசரியை எழுதுங்கோ. வேலைக்குப் போகிற அதே சப்பாத்து, அதே பை. முதுகில் 15 கிலோ ஏறினால் எட்டு குறுகும், எண்ணிக்கை கூடும். பின்னேர வெயிலில் களைத்த காலும் அப்படித்தான். இருட்டில் இன்னும் கூடும். மணல் பாதையில் கால் பின்னுக்குச் சறுக்கும்.

காட்டுக்குள் நாடா மரத்தில் உரசி வளையும். வளைந்த நாடா 100 என்று காட்டும்போது நேர்கோட்டில் 96, 97தான் இருக்கும். அந்த 100ஐ நம்பி எட்டைக் கணக்கிட்டால் போகிற இடமெல்லாம் அந்தப் பிழையும் கூட வரும். ஆகவே மரத்துக்கு மரம் துண்டு துண்டாக இழுத்துப் பிடிக்கவேணும். றோட்டோர மின்கம்பங்களின் இடைவெளியை அளவாக எடுக்காதேயுங்கோ, அவை ஒரே சீராக நடப்பட்டவை இல்லை.

எண்ணிக்கையில் 5 வீதம் பிழைத்தால் 2 கிலோமீற்றரில் 100 மீற்றர். பற்றைக் காட்டில் 100 மீற்றர் தள்ளியிருக்கிற கிணறு இல்லாத கிணறுதான்.

துருசடி | யூன் 7

படைக்காரர் தூரம் எண்ணப் பாவிக்கிற மணிக்கயிறு பற்றியும் சொல்லுங்கோ அண்ணை. கீழ 9 மணி, மேல 4 மணி எண்டு கிடக்கு. ஏன் 10 இல்லை?

பாலையடி | யூன் 7

பத்தாவது நூறு மேல் மணிக்குப் போகிறபடியால். 100 மீற்றர் நடந்ததும் கீழ் மணி ஒன்றை இழுக்கிறது. ஒன்பதும் இழுத்தாச்சு என்றால் 900. அடுத்த நூறில் மேல் மணி ஒன்றை இழுத்து, கீழ் ஒன்பதையும் பழைய இடத்துக்குத் தள்ளிவிடுகிறது. அது ஒரு கிளிக். மேலே நாலும் கீழே ஒன்பதும் முடிந்தால் 4.9 கிலோமீற்றர், அடுத்த நூறோடு 5.

நைலோன் கயிற்றை இரட்டையாக மடித்து மணிக்குள் இறுக்கமாகப் போகிற மாதிரிக் கோர்க்கவேணும். ஒற்றைக் கயிறு என்றால் பற்றை தட்டத் தானாக மணி நகரும், பிறகு எத்தனை என்று சத்தியம் பண்ணத்தான் முடியும். மணி இல்லாவிட்டால் தென்னை ஈர்க்கு ஒன்றை எடுத்து நூறுக்கு ஒரு மடிப்பு மடியுங்கோ. எதை வைத்தாலும் மனக்கணக்கில் மட்டும் விடாதேயுங்கோ. ஆள் ஒன்று கூப்பிட்டுக் கதைத்தால் எண்ணிக்கை போய்விடும்.

சங்கிலி | யூன் 9

பாலையடி அண்ணை, பற்றைக்கு 85, 100 எண்டு எழுதியிருக்கிறியள். பற்றைக்குள்ள ஒருத்தரும் நேர்கோட்டில நடக்கேலாது. குனிஞ்சு, சுத்தி, பின்னுக்கு வந்துதான் போறது. அங்க எட்டு எண்ணுறதில அர்த்தமே இல்லை.

நில அளவைக்குப் போற ஆக்கள் செய்யிறது கயிறு. 25 மீற்றர் நீளம், நீட்டு விடாத கயிறு. முன்னுக்கு ஒராள், பின்னுக்குக் கொம்பாஸோட ஒராள். முன்னாள் கயிறு முடியுமட்டும் போய் நிப்பார். பின்னாள் கொம்பாஸைப் பாத்து ‘இடப்பக்கம், இன்னும் கொஞ்சம், சரி’ எண்டு நேராக்கி, பிறகு தான் அங்க போவார். நாலு கயிறு 100 மீற்றர். ஆள் கண்ணுக்குத் தெரியாமல் போனால் குரலை வைச்சு நேராக்கக்கூடாது, பற்றைக்குள்ள குரல் பக்கம் மாறித்தான் கேக்கும். 10 மீற்றர்தான் தெரியுதெண்டால் 10 மீற்றராப் போங்கோ.

பாலையடி | யூன் 9

ஒத்துக்கொள்கிறேன். பற்றையில் தனியாள் என்றால் எட்டு, இரண்டு பேர் என்றால் கயிறு. கயிறு நனைந்தாலும் வெயிலில் காய்ந்தாலும் நீளம் மாறும், கிழமைக்கு ஒருக்கால் நாடாவோடு ஒத்துப் பாருங்கோ. நாலு கயிற்றுக்கு ஒரு மணி இழுத்தால் இரண்டு முறையும் ஒன்றாகிவிடும்.

தனியாள் பெரிய பற்றையைச் சுற்றவேண்டி வந்தால் படைக்காரர் பெட்டி என்கிற முறை இருக்கு. வலப்பக்கம் 90 பாகை திரும்பி எண்ணி நடக்கிறது, 60 என்று வையுங்கோ. பிறகு பழைய திசையில் பற்றை முடியுமட்டும் நடக்கிறது. பிறகு இடப்பக்கம் 90 திரும்பி அதே 60. நடுத்துண்டின் எண்ணிக்கை மட்டும்தான் பயணத் தூரத்தில் சேரும். அந்த 60 இரண்டையும் கூட்டினால் முன்னுக்கு வந்ததாக நினைத்துக்கொண்டு பின்னுக்கு நிற்பீர்கள். சின்னச் சின்னப் பற்றைக்குப் பெட்டி தேவையில்லை. ஆனால் ஒன்றை வலப்பக்கத்தால் சுற்றினால் அடுத்ததை இடப்பக்கத்தால் சுற்றுங்கோ. கைப்பழக்கத்தில் எப்போதும் ஒரே பக்கத்தால் போகிற ஆள் அந்தப் பக்கமே ஒதுங்கிப் போய்விடுவார்.

சிவப்புத்தடி | யூன் 10

மேலே எழுதிய பெட்டி முறைக்கு ஒரு எல்லை உண்டு, அதைக் கட்டாயம் சொல்ல வேண்டும். கண்ணிவெடிக்கு எச்சரிக்கையாக வைத்த, மண்டையோடு போட்ட சிவப்புப் பலகை, சிவப்பு நிறத் தடி, எச்சரிக்கைப் பட்டி ஏதாவது கண்ணில் பட்டால் அதைச் சுற்றிப் போகும் கதை இல்லை. நில்லுங்கள், வந்த அடியிலேயே திரும்புங்கள். பலகை விழுந்திருக்கலாம், தடி கறையானுக்குப் போயிருக்கலாம். ஊர் ஆட்கள் மாடு விடாத துண்டு, விறகு பொறுக்காத துண்டு என்றால் அதற்கும் காரணம் இருக்கும். போவதற்கு முன்னரே கேளுங்கள். வெடிபொருள் போன்ற எதையும் கண்டால் தொடாமல், இடத்தை மட்டும் குறித்துக்கொண்டு பொலிஸுக்கோ கிராம அலுவலருக்கோ அறிவியுங்கள்.

கண்ணிவெடி அகற்றும் வேலையில் இடத்தைப் பதியும் முறை இந்த இழைக்குப் பொருத்தமானது. தூரத்திலிருந்தே தெரிகிற, அசையாத ஒன்று முதலில் வேண்டும்: மதகு, கோயில் மூலை, குளத்துத் தண்ணீரைத் திறந்துவிடும் துருசு. அங்கிருந்து நிலத்தில் நிலையாகப் பதித்த ஒரு அடையாளப் புள்ளிக்குத் திசைகோளும் (வடக்கிலிருந்து எண்ணும் பாகை) தூரமும். அதிலிருந்து தொடக்கப் புள்ளிக்கு. பிறகு எல்லை திரும்பும் ஒவ்வொரு மூலைக்கும் திசைகோள், நாடாத் தூரம். கடைசி மூலையிலிருந்து தொடக்கப் புள்ளிக்கு மூடிப் பார்க்க வேண்டும். மூடவில்லை என்றால் எங்கோ ஒரு துண்டு பிழை.

எந்தத் துண்டு என்று கண்டுபிடிக்க, ஒவ்வொரு துண்டையும் இரண்டு முனையிலிருந்தும் வாசியுங்கள். போகும் திசைகோள் 070 என்றால் திரும்பி வரும் திசைகோள் 250 ஆக இருக்க வேண்டும். 254 என்று வந்தால் இரண்டில் ஒரு முனைக்குக் கிட்ட இரும்பு இருக்கிறது. வன்னியில் அது பெரும்பாலும் பழைய முட்கம்பி, மண்ணுக்குள் போன தகரம். கேட்காமல் விட்டால் அந்த 4 பாகை அடுத்த மூலைகள் எல்லாவற்றையும் இழுத்துக்கொண்டு போகும்.

துருசடி | யூன் 10

‘பெரிய பாலைக்கு அங்கால’ எண்டு அடையாளம் சொல்லுறதையும் விடவேணும். பாலை எல்லா இடமும் நிக்குது.

கட்டை எண்ட சொல்லிலயும் கவனம் வேணும். கிளிநொச்சி 155ஆம் கட்டை மைல் கணக்கு, கண்டியிலயிருந்து எண்ணினது. 249 கிலோமீற்றர் மட்டில வரும். இப்ப ஏ9இல (கண்டி–யாழ்ப்பாண றோட்டில) நிக்கிறது கிலோமீற்றர்க் கல். வயசான ஆள் ‘அஞ்சு கட்டை உள்ளுக்கு’ எண்டால் 8 கிலோமீற்றர், இளம் ஆள் சொன்னால் 5ஆயும் இருக்கலாம். மூண்டு கிலோமீற்றர் வித்தியாசத்தில வேற ஊரில நிப்பியள்.

பாலையடி | யூன் 11

அதனால்தான் ஊர் ஆளிடம் எத்தனை கட்டை என்று கேட்கிறதோடு நிறுத்தக்கூடாது. எத்தனை வாய்க்கால் கடக்கவேணும், எத்தனை குளம் வலப்பக்கம் வரும், சைக்கிளில் எவ்வளவு நேரம் என்று கேளுங்கோ. மூன்றும் ஒத்துவந்தால் நம்பலாம். கூப்பிடு தூரம் என்றால் அமைதியான விடியப்புறத்தில் ஒன்று, சோளகம் அடிக்கிற மத்தியானத்தில் வேறொன்று. காற்றுக்கு எதிர்ப்பக்கம் பாதியும் கேட்காது.

முறிகண்டிப் பொடியன் | யூன் 13

கொம்பாஸ் எண்டால் எவ்வளவுக்கு நம்பலாம்? போனில இருக்கிறது போதாதோ?

பாலையடி | யூன் 13

ஒரு கணக்கை மனதில் வையுங்கோ: 1 பாகை பிழைத்தால் 1 கிலோமீற்றரில் 17 மீற்றர். கையில் பிடித்து நடக்கிற ஆளுக்கு 3 முதல் 5 பாகை பிழை சாதாரணம், ஆகவே கிலோமீற்றருக்கு 50 முதல் 90 மீற்றர். வன்னியில் காந்த விலகல், அதாவது உண்மை வடக்குக்கும் ஊசி காட்டுகிற வடக்குக்கும் உள்ள வித்தியாசம், மேற்கே 2 பாகை மட்டில்தான். படத்திலிருந்து எடுத்த திசைகோளோடு 2ஐக் கூட்டிக் கொம்பாஸில் வையுங்கோ. மறந்தால் கிலோமீற்றருக்கு 35 மீற்றர். பழைய ஓரங்குலப் படத்தின் (ஒரு மைலை ஓரங்குலமாக வரைந்தது) ஓரத்தில் அச்சடித்த விலகல் அந்தக் காலத்துக்குரியது, அதை எடுக்காதேயுங்கோ.

விலகலைவிடப் பெரிய தொல்லை ஊசியின் சாய்வு. காந்த நடுக்கோடு திருநெல்வேலிப் பக்கமாகப் போகிறது, வன்னி அதற்குக் கிட்ட. இங்கே ஊசி ஏறத்தாழக் கிடையாக நிற்கும். ஐரோப்பாவில் ஊசியின் வடமுனையை நிலம் கீழே இழுக்கும், அதை ஈடுகட்டத் தென்பக்கத்தில் சின்னப் பாரம் வைத்துச் செய்வார்கள். வெளிநாட்டிலிருந்து ஆட்கள் அனுப்புகிற கொம்பாஸ் பெரும்பாலும் அந்த வகை. இங்கே அதன் தென்முனை தாழ்ந்து அடியில் உரசும். பார்க்க ஒழுங்காக நிற்கிற மாதிரித்தான் இருக்கும், ஆனால் ஒட்டிப்போய் நிற்கும். சோதிக்க லேசு: ஒரு ஆணியைக் கிட்டப் பிடித்து ஊசியை ஒரு பக்கம் இழுத்துவிட்டு எடுங்கோ, திரும்பி வந்து நிற்கிற இடத்தைக் குறியுங்கோ. மற்றப் பக்கமும் இழுத்துப் பாருங்கோ. இரண்டும் ஒரே இலக்கத்தில் நிற்காவிட்டால் அந்தக் கொம்பாஸ் வன்னிக்கு உதவாது. வாங்கும்போது எந்த வலயத்துக்குச் சமன் செய்தது என்று பாருங்கோ, எல்லா வலயத்துக்கும் பொதுவானதும் கிடைக்கும்.

இரும்பு: அமெரிக்கப் படைக் கைந்நூல் சொல்கிற தூரம் உயர் அழுத்த மின்கம்பிக்கு 55 மீற்றர், லொறிக்கு 18, முட்கம்பிக்கு 10, துவக்குக்கு அரை மீற்றர். கையில் காட்டுக்கத்தி இருந்தால் கீழே வைத்துவிட்டு இரண்டு எட்டுத் தள்ளி நின்று பாருங்கோ. போனைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு நெஞ்சுக்கு நேரே கொம்பாஸ் பிடிக்கிறதும் அதே பிழை. போனில் இருக்கிற கொம்பாஸ் காந்த உறை போட்டால் கெட்டுவிடும். திசை பார்க்க மட்டும் வைத்திருங்கோ, அதைப் பிடித்துக்கொண்டு நடக்காதேயுங்கோ.

பாலையடி | யூன் 15

மேலே சொன்ன 50–90 மீற்றர் பிழையோடு எப்படி ஒரு சின்னக் குளத்துக்குப் போய்ச் சேருகிறது? இலக்குக்கு நேரே குறிவைக்கக்கூடாது. வேண்டுமென்றே ஒரு பக்கம் தள்ளிக் குறிவைக்கவேணும். ஆங்கிலப் படைப்பேச்சில் இதற்கும் ஒரு பெயர் உண்டு, ஓட்டக்காரரும் பாவிப்பார்கள்.

ஏ9இலிருந்து மேற்கே 2 கிலோமீற்றரில் ஒரு குளம் என்று வையுங்கோ, கட்டின் நீளம் 300 மீற்றர். 5 பாகை பிழைத்தால் 2 கிலோமீற்றரில் 175 மீற்றர் எந்தப் பக்கமும் போகலாம். நேரே கட்டின் நடுவுக்குக் குறிவைத்து, கட்டைக் காணாமல் 2 கிலோமீற்றரும் முடிந்துவிட்டால் வலப்பக்கம் திரும்புகிறதா இடப்பக்கமா? தெரியாது. குளத்துக்குத் தண்ணீர் கொண்டுவருகிற ஆறோ வாய்க்காலோ படத்தில் இருக்கும். அதன் மேல்பக்கத்தில் போய் முட்டுகிற மாதிரி 8, 10 பாகை தள்ளி நடவுங்கோ. முட்டினதும் தண்ணீர் போகிற பக்கம் திரும்பினால் அது குளத்தில் கொண்டுபோய் விடும். கோடையில் தண்ணீர் ஓடாது, மணல் எந்தப் பக்கம் ஒதுங்கிக் கிடக்கிறது, சருகு எந்தப் பக்கம் வேரில் அடைந்திருக்கிறது என்று பாருங்கோ. வேரின் மேல்பக்கத்தில்தான் சருகு அடையும்.

இன்னொன்று, இலக்குக்கு அங்காலே தாண்டக்கூடாத கோடு ஒன்றை முன்னரே தெரிந்து வையுங்கோ. வண்டிப்பாதை, பெரிய ஆறு, மின்கம்பி வழி, எதுவும். அதைக் கண்டால் கூடப் போய்விட்டோம் என்று அர்த்தம்.

சங்கிலி | யூன் 15

மலைநாட்டுக்கு எழுதின நூலுகள் இங்க உதவாததுக்குக் காரணம் சமவுயரக் கோடு இல்லாததுதான். 50,000இல ஒண்டு அளவிடை இடவிளக்கப்படத்தில மாங்குளம், ஒட்டுசுட்டான் பக்கம் பாருங்கோ. ஒரு கோட்டுக்கும் மற்றக் கோட்டுக்கும் இடையில கிலோமீற்றர் கணக்கில வெறுமை. ஏறுறமா இறங்குறமா எண்டு காலுக்கும் தெரியாது.

பாலையடி | யூன் 16

வன்னியில் சமவுயரக் கோட்டின் வேலையைக் குளம் செய்யும். குளக்கட்டு எப்போதும் பள்ளப் பக்கத்தில். கட்டுக்குக் கீழே வயல், வயலுக்குக் கீழே அடுத்த குளத்தின் நீரேந்து பகுதி. வான் (குளம் நிரம்பி மிச்சத் தண்ணீர் வழிகிற இடம்) எந்தப் பக்கம் பாய்கிறது என்று பார்த்தால் வடிகால் போகிற வழி தெரியும். கனகராயன் ஆறு வடக்கே இரணைமடுவுக்குப் போகிறது, பாலியாறும் பறங்கியாறும் மேற்கே கடலுக்கு. எந்த ஆற்றின் வடிநிலத்தில் நிற்கிறோம் என்று தெரிந்தால் அரைவாசி வேலை முடிந்தது.

படத்தில் நீல நிறம் குளம் நிரம்பின நிலையைக் காட்டுகிறது. ஓகஸ்டில் போனால் தண்ணீர் விளிம்பு நூற்றுக்கணக்கான மீற்றர் உள்ளே வாங்கியிருக்கும், படத்தில் தண்ணீராக இருக்கிற இடத்தில் மாடு மேயும். தண்ணீர் விளிம்பிலிருந்து ஒருபோதும் தூரம் அளக்காதேயுங்கோ. கட்டின் மூலை, துருசு, வான், இவை மூன்றும்தான் அசையாதவை. காட்டுக்குள் உடைந்து கிடக்கிற பழைய குளங்களும் படத்தில் இருக்கும். அந்தக் கட்டுகளில் மரம் வளர்ந்திருக்கும், மேடு என்று நினைத்து ஏறிக் கடந்துவிடுவீர்கள். காட்டுக்குள் திடீரென்று ஆள் உயரத்துக்கு நீளமான மேடு வந்தால் நின்று இரண்டு பக்கமும் பாருங்கோ. அது நல்ல அடையாளம், தூரக் கணக்கை அங்கே திரும்பத் தொடங்கலாம்.

பாதைகளை நம்புகிறதில் அளவு வேணும். பழைய படத்திலுள்ள வண்டிப்பாதைகள் பல பற்றைக்குள் போய்விட்டன, 2009க்குப் பிறகு வெட்டினவை பல பழைய படத்தில் இல்லை. யானைப்பாதை அகலமாக, நடக்கச் சுகமாக இருக்கும். அது உங்கட வேலைக்குப் போட்ட பாதை இல்லை. புது லத்தி கிடந்தால் தூரக் கணக்கை விட்டுவிட்டு வெளியே வாருங்கோ.

முறிகண்டிப் பொடியன் | யூன் 18

சூரியனை வைச்சுத் திசை பாக்கிற முறை? மணிக்கூட்டு முள்ளை வைச்சுச் சொல்லுவினம்.

பாலையடி | யூன் 18

மணிக்கூட்டு முறை இங்கே வேண்டாம். அது சூரியன் எப்போதும் தெற்கே நிற்கிற நாடுகளுக்கு. வன்னி 9 பாகை வடக்கில் இருக்கு. ஏப்ரல் நடுவிலும் ஓகஸ்ட் கடைசியிலும் உச்சியில் சூரியன் நேரே தலைக்கு மேலே, நிழலே இல்லை. அதற்கு இடைப்பட்ட மாதங்களில் சூரியன் மத்தியானம் வடக்கே நிற்கும். இப்போது, யூனில், ஒரு மீற்றர்த் தடி நட்டால் மத்தியான நிழல் 26 சென்ரிமீற்றர் மட்டில் தெற்கே விழும். டிசெம்பரில் அதே தடிக்கு 63 சென்ரிமீற்றர் வடக்கே. மத்தியானம் என்றது நிழல் மிகக் குறுகுகிற நேரம், இப்போது 12 மணி 10 நிமிடம் மட்டில்.

சூரியன் கிழக்கே உதிக்கும் என்றும் கண்ணை மூடி நடக்கேலாது. டிசெம்பரில் கிழக்கிலிருந்து 24 பாகை தெற்கே ஒதுங்கி உதிக்கும், யூனில் 24 பாகை வடக்கே. அதை நேர்க்கிழக்கு என்று எடுத்து ஒரு கிலோமீற்றர் நடந்தால் 400 மீற்றருக்கு மேல் தள்ளி நிற்பீர்கள்.

இரவில் துருவ நட்சத்திரம் அடிவானத்திலிருந்து 9 பாகைதான், நீட்டின கையில் ஒரு முட்டி உயரம். காட்டுக்குள் தெரியாது. குளக்கட்டில் ஏறி வடக்கே திறந்த வெளி இருந்தால் பார்க்கலாம், அதுவும் புழுதி இல்லாத நாளில். மாரியில் வரிசையாக நிற்கிற மூன்று நட்சத்திரங்கள் நல்லது, அவை ஏறத்தாழ நேர்க்கிழக்கில் உதித்து நேர்மேற்கில் மறையும்.

துருசடி | யூன் 20

மில் கணக்கு ஒண்டும் இன்னும் வரேல்லை.

பாலையடி | யூன் 20

சுருக்கமாக. பொருளின் அகலம் அல்லது உயரத்தை மீற்றரில் எடுத்து 1000ஆல் பெருக்கி, அது மறைக்கிற மில் எண்ணிக்கையால் பிரித்தால் தூரம் மீற்றரில். பஸ்ஸின் முகப்பு 2.5 மீற்றர் அகலம், 5 மில் பிடித்தால் 500 மீற்றர். பக்கவாட்டில் நிற்கிற சைக்கிள் 1.8 மீற்றர், 10 மில் பிடித்தால் 180 மீற்றர். வட்டத்துக்கு 6400 மில் என்று பிரிக்கிற கருவியும் உண்டு, 6000 என்று பிரிக்கிற பழைய சோவியத்துக் கருவியும் உண்டு, முகப்பில் எது என்று பாருங்கோ.

கருவி இல்லாவிட்டால் விரல். நூலில் எழுதின விரல் அளவை எடுக்காதேயுங்கோ. சுவரில் 10 சென்ரிமீற்றருக்கு ஒரு கோடு போட்டு, 10 மீற்றர் தள்ளி நின்று, கையை முழுதாக நீட்டி ஒரு கண்ணால் பாருங்கோ. ஒரு இடைவெளி 10 மில். உங்கட விரல் எத்தனை இடைவெளியை மறைக்கிறது என்று ஒவ்வொரு விரலுக்கும் எழுதி வையுங்கோ. பனையை அளவாக எடுக்கக்கூடாது, வடலியும் பனைதான்.

வயல்வெளிக்கு மேலாலும் தண்ணீருக்கு மேலாலும் பார்க்கும்போது பொருள் கிட்ட இருக்கிற மாதிரித் தெரியும். சூரியன் உங்கட முதுகுப் பக்கம் என்றாலும் அப்படித்தான். மைம்மல் நேரத்தில் எட்டத் தெரியும்.

ஒளிக்கும் சத்தத்துக்கும் இடைப்பட்ட நேரத்தை எண்ணுகிற கணக்கு வன்னியில் பிள்ளைகளுக்கும் தெரிந்த கணக்காக இருந்தது. எங்கட வெக்கையில் சத்தம் செக்கனுக்கு 350 மீற்றர் மட்டில் போகும், மூன்று செக்கன் ஒரு கிலோமீற்றர். இப்போது இடி மின்னலுக்குப் பாவியுங்கோ. பத்துக் கிலோமீற்றருக்குள், அதாவது முப்பது செக்கனுக்குள், இருந்தால் வயல்வெளியை விட்டு வெளியேறுங்கோ, தனிமரத்துக்குக் கீழே போகாதேயுங்கோ.

சங்கிலி | யூன் 23

ஜிபிஎஸ் இலக்கத்தை இடவிளக்கப்படத்தில வைக்கிற ஆக்களுக்கு. ஆதாரம் எண்டால் அகலக்கோடு நெடுங்கோடு எண்ணுறதுக்கு எடுத்த அடிப்படை. பழைய ஓரங்குலப் படமும் பழைய வலையும் கண்டவளை எண்ட ஆதாரத்தில, போன் தாறது டபிள்யூஜிஎஸ் 84 எண்ட உலகப் பொது ஆதாரத்தில. அகலக்கோடு நெடுங்கோட்டை மாத்தாமல் அப்பிடியே வைச்சால் 200 மீற்றருக்கு மேல பிழைக்கும், பெரும்பாலும் கிழக்கு மேற்காக. மீற்றர் வலை எண்டால் இலக்கத்தைப் பாத்தே கண்டுபிடிக்கலாம். பழைய வலையின்ர தொடக்கம் 200,000, எஸ்எல்டி 99 எண்ட புதிய வலையில 500,000. கிளிநொச்சிப் பக்கம் வடக்கு இலக்கம் 460,000 சொச்சம் எண்டால் பழசு, 760,000 சொச்சம் எண்டால் புதுசு. போன் செயலியிலயே ஆதாரத்தை மாத்தலாம், போக முதல் மாத்துங்கோ.

சிவப்புத்தடி | யூன் 23

இன்னொன்று, எழுதும் வடிவம். 9.30 பாகையும் 9 பாகை 30 கலையும் ஒன்றல்ல. 9.30 என்பது 9 பாகை 18 கலை. வித்தியாசம் 22 கிலோமீற்றர். தொலைபேசியில் இடம் சொல்லும்போது ‘ஒன்பது புள்ளி மூன்று பூச்சியம் பாகை’ என்று புள்ளியையும் அலகையும் சேர்த்துச் சொல்லுங்கள், கேட்டவர் திருப்பிச் சொல்லட்டும்.

முறிகண்டிப் பொடியன் | யூன் 25

கடைசியா ஒண்டு. வண்டிப்பாதையில தூரம் அளக்க எட்டை விட லேசான வழி இருக்கோ? சைக்கிள்தான் இருக்கு.

சங்கிலி | யூன் 25

சைக்கிள் நல்லது தம்பி. 28 அங்குலச் சில்லு ஒரு சுத்துக்கு 2.2 மீற்றர் மட்டில போகும், ஆனால் அந்த இலக்கத்தை எடுக்காதேங்கோ. முன் சில்லின்ர வால்வை நேர கீழ வைச்சு நிலத்தில கோடு போடுங்கோ. நீங்கள் ஏறி இருந்து, ஒராள் பிடிச்சுக்கொண்டு, பத்துச் சுத்து நேரா உருட்டித் திரும்பக் கோடு போடுங்கோ. நாடாவால அளந்து பத்தால பிரியுங்கோ. காத்துக் குறைஞ்ச சில்லு சின்னச் சில்லு, அளந்த நாள் இருந்த காத்தையே வையுங்கோ.

முன் சில்லைத்தான் எண்ணவேணும். பின் சில்லு மணலில சுழண்டு ஏமாத்தும். கம்பியில தடிச்ச பிளாஸ்ரிக் துண்டு ஒண்டைக் கட்டினால் முன் கவையில தட்டித் தட்டிச் சத்தம் வரும், எண்ண லேசு. 2.2 எண்டால் 45 தட்டு 99 மீற்றர், 45க்கு ஒரு மணி இழுங்கோ. பத்து மணியில ஒரு 10 மீற்றர் குறையும், அதுக்கு கிலோமீற்றருக்கு 4, 5 தட்டுக் கூட எண்ணுங்கோ. பள்ளத்தில இறங்கித் தள்ளேக்க சைக்கிளைத் தூக்கினால் தட்டு விழாது. தூக்கின துண்டை எட்டால எண்ணி, கொப்பியில தனியா எழுதுங்கோ.